குதிரையின் பெயரால் திறந்த பூட்டு

உங்கள் வீட்டுத் தொலைக்காட்சிக்குக் கீழே உள்ள அலமாரியைத் திறந்து பாருங்கள். பழைய ரிமோட்டுகள், எதற்கென்றே தெரியாத கம்பிகள், ஓடாத டிவிடி கருவி இவற்றுக்கு இடையில் வெள்ளை நிறத்தில் ஒரு சிறிய பெட்டி தூசு படிந்து கிடக்கலாம். நின்டெண்டோ நிறுவனம் 2006ஆம் ஆண்டு இறுதியில் வெளியிட்ட 'வீ' கேம் கருவி அது. உலகெங்கும் 100 மில்லியனுக்கும் மேல் விற்றது. ரிமோட்டைக் கையில் பிடித்துக்கொண்டு வரவேற்பறையில் நின்றபடியே டென்னிஸும் பௌலிங்கும் ஆடிய பிள்ளைகள் இன்று வேலைக்குப் போய்க்கொண்டிருப்பார்கள்.

பழைய சாமான் வாங்க வரும் லாரியில் அதை ஏற்றிவிடுவதற்கு முன் ஒரு செய்தி. அந்தப் பெட்டியால் தன்னைவிட இருபது வயது மூத்த விளையாட்டுகளையும் ஓட்ட முடியும். 1983இல் ஜப்பானில் வந்த ஃபாமிகாம் கருவியின் விளையாட்டுகள் அவற்றில் அடங்கும். 1990களில் நம் நாட்டில் பல வீடுகளில் இருந்த மைக்ரோ ஜீனியஸ் பெட்டி நினைவிருக்கிறதா? அது அந்த ஃபாமிகாமைப் பார்த்துச் செய்யப்பட்ட நகல்தான்.

தொடக்கத்தில் இந்தப் பழைய விளையாட்டுகளை நின்டெண்டோவே 'வீ' கருவியின் இணையக் கடை வழியாக விற்றது. 2019 ஜனவரி 30ஆம் தேதி அந்தக் கடை மூடப்பட்டது. இன்று அதே வேலையைச் செய்வது, சம்பளம் எதுவும் வாங்காத ஆர்வலர்கள் எழுதிய மென்பொருள். அதற்கு ஆங்கிலத்தில் 'ஹோம்புரூ' என்று பெயர். வீட்டிலேயே வடித்த பானத்துக்குச் சொல்லும் சொல்லை, நிறுவனத்தின் அனுமதி இல்லாமல் தனியார் எழுதும் மென்பொருளுக்கும் வைத்துவிட்டார்கள்.

ஒரு கருவிக்கென்று எழுதிய விளையாட்டு வேறொரு கருவியில் எப்படி ஓடுகிறது? அதற்காக எந்தப் பூட்டைத் திறந்தார்கள்? அப்படித் திறப்பது சரியா? ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

ஆட்டுக்கல்லுக்கு எழுதிய குறிப்பு

'புதிய கருவி பழையதைவிடப் பல மடங்கு வேகமானது. பழைய விளையாட்டு அதில் தானாகவே ஓட வேண்டியதுதானே?' என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்விதான்.

பாட்டி ஒருவர் தோசை மாவுக்குக் குறிப்பு எழுதி வைத்திருக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். 'மாவு பதமாகும்வரை அரைக்கவும்' என்று அவர் எழுதியிருந்தால் யாரும் எதிலும் அரைத்துக்கொள்ளலாம். ஆனால் அவர் எழுதியிருப்பது, 'ஆட்டுக்கல்லில் முந்நூறு சுற்று அரைக்கவும். நூறாவது சுற்றில் தண்ணீர் விடவும்.' இதை மிக்ஸியில் செய்தால் என்ன ஆகும்? முந்நூறு சுற்று இரண்டொரு நொடியில் முடிந்துவிடும். நூறாவது சுற்று எப்போது வந்தது என்றுகூடத் தெரியாது. குறிப்பில் தவறு இல்லை. அது ஆட்டுக்கல்லுக்காக எழுதப்பட்ட குறிப்பு, அவ்வளவுதான்.

பழைய கேம் கருவிகளுக்கு நிரல் எழுதியவர்கள் எல்லாரும் இந்தப் பாட்டியைப் போன்றவர்கள். ஃபாமிகாமின் மையச் சில்லு நொடிக்கு ஏறத்தாழ 1.79 மில்லியன் முறை துடிக்கும். அதன் வேலை நினைவகம் வெறும் 2 கிலோபைட். இந்தக் கட்டுரையின் ஓரிரு பத்திகளை அதில் வைத்தாலே இடம் நிரம்பிவிடும். அவ்வளவு சிறிய இடத்தில் ஒரு முழு உலகத்தைக் காட்ட வேண்டுமானால், கருவியின் ஒவ்வொரு துடிப்பையும் கணக்குப் போட்டுத்தான் பயன்படுத்த வேண்டும்.

1985இல் வந்த 'சூப்பர் மாரியோ பிரதர்ஸ்' விளையாட்டை நினைத்துப் பாருங்கள். மாரியோ ஓட ஓடத் தரையும் குழாய்களும் இடப்பக்கமாக நகரும். ஆனால் திரையின் மேல் வரிசையில் உள்ள புள்ளிக்கணக்கும் நேரமும் நகராமல் நிற்கும். பார்க்கச் சாதாரணமாக இருக்கிறது. ஆனால் ஃபாமிகாமின் படச் சில்லுக்கு மேல் வரிசையைத் தனியாக நிறுத்திவைக்கும் வசதி கிடையாது. நகர்த்தினால் முழுப் படத்தையும்தான் நகர்த்தும்.

நிரலாளர்கள் என்ன செய்தார்கள்? அக்காலத் தொலைக்காட்சி, படத்தை மேலிருந்து கீழாக வரி வரியாக, நொடிக்குச் சுமார் 60 முறை வரையும். மேல் வரிகள் வரையப்படும்போது நகர்வு அளவைச் சுழியமாக வைத்தார்கள். அந்த வரிசையில் நாணயச் சின்னம் ஒன்று இருக்கும். வரைதல் அந்தச் சின்னத்தின் அடிப்பகுதிக்கு வந்ததும் படச் சில்லு ஒரு சமிக்ஞை தரும். அந்த நொடித்துளியில் நகர்வு அளவை மாற்றிவிடுவார்கள். அதற்குக் கீழே உள்ள வரிகள் எல்லாம் நகர்ந்த நிலையில் வரையப்படும். ஒரே படம் நடுவில் வெட்டப்பட்டு இரண்டாகத் தெரியும்.

இப்போது சொல்லுங்கள், பாட்டியின் 'நூறாவது சுற்றில் தண்ணீர்' நினைவுக்கு வருகிறதா? புதிய கருவி இந்த நேரக் கணக்கைத் தவறவிட்டால் புள்ளிக்கணக்கு வரிசை நடுங்கும், அல்லது தரையோடு சேர்ந்து ஓடிவிடும்.

மூன்று வழிகள்

பழைய விளையாட்டைப் புதிய கருவியில் ஓட்ட மூன்று வழிகள் உண்டு.

முதல் வழி, பழைய சில்லைப் புதிய பெட்டிக்குள்ளேயே வைத்துவிடுவது. மிக்ஸி வாங்கினாலும் ஆட்டுக்கல்லைப் பின்கட்டில் வைத்திருப்பதைப் போல. 2000இல் வந்த பிளேஸ்டேஷன் 2 இப்படித்தான் செய்தது. முதல் பிளேஸ்டேஷனின் மையச் சில்லே அதற்குள் இருந்தது. புதிய விளையாட்டு ஓடும்போது உள்ளீடு, வெளியீடு போன்ற எடுபிடி வேலைகளைச் செய்யும்; பழைய வட்டைப் போட்டால் மீண்டும் மையச் சில்லாகிவிடும்.

'வீ' கருவியும் இதே குடும்பம்தான். அதற்கு முந்தைய கேம்கியூப் கருவியின் மையச் சில்லு 486 மெகாஹெர்ட்ஸ் வேகத்தில் ஓடியது. 'வீ'யின் சில்லு அதே வடிவமைப்பில் 729 மெகாஹெர்ட்ஸ் வேகம் கொண்டது. அதாவது சரியாக ஒன்றரை மடங்கு. வேகத்தைக் குறைத்துக்கொண்டால் 'வீ' கேம்கியூபாகவே மாறிவிடும். இங்கே மொழிபெயர்ப்புக்கே வேலை இல்லை.

இரண்டாவது வழி, விளையாட்டையே புதிய கருவிக்காகத் திரும்ப எழுதுவது. நன்றாக இருக்கும், செலவும் அதிகம். நிறைய விற்கும் என்று நிறுவனம் நம்பும் விளையாட்டுகளுக்கு மட்டுமே இந்த யோகம் அமையும்.

மூன்றாவது வழி, எமுலேட்டர். பழைய கருவி எப்படி நடந்துகொள்ளும் என்பதை அப்படியே நடித்துக் காட்டும் மென்பொருள் இது. விளையாட்டுக்கு உண்மை தெரியாது. தான் இன்னும் ஃபாமிகாமில்தான் இருக்கிறோம் என்று நினைத்துக்கொண்டு கட்டளைகளைப் போட்டுக்கொண்டிருக்கும்.

எமுலேட்டர் வேலை செய்வதைப் புரிந்துகொள்ள நீதிமன்றத்துக்குப் போவோம். சாட்சி தமிழில் பேசுகிறார். மொழிபெயர்ப்பாளர் ஒவ்வொரு வாக்கியத்தையும் கேட்டு, நீதிபதிக்கு மலாயில் சொல்கிறார். சாட்சி அதே வாக்கியத்தைப் பத்து முறை சொன்னால் பத்து முறையும் மொழிபெயர்க்க வேண்டும். எளிய எமுலேட்டர் இப்படித்தான் இயங்கும். பழைய சில்லின் ஒரு கட்டளையை நிறைவேற்றப் புதிய சில்லுக்குப் பத்துப் பதினைந்து கட்டளைகள்கூடத் தேவைப்படலாம். அதனால்தான் எமுலேட்டர் ஓடும் கருவி, மூலக் கருவியைவிடப் பல மடங்கு வேகமாக இருக்க வேண்டும்.

கெட்டிக்கார மொழிபெயர்ப்பாளர் இன்னொன்று செய்வார். ஒருமுறை மொழிபெயர்த்த பகுதியை எழுதி வைத்துக்கொள்வார். அதே பகுதி திரும்ப வந்தால் எழுதியதை எடுத்துப் படித்துவிடுவார். விளையாட்டு நிரல்கள் ஒரே கட்டளைத் தொகுதியை ஆயிரக்கணக்கான முறை திரும்பத் திரும்ப ஓட்டுபவை. ஆகவே இந்த உத்தியால் மிச்சமாகும் நேரம் மிகப் பெரிது. முப்பரிமாணப் படங்களைக் காட்டிய 1990களின் கருவிகளை எமுலேட்டர்கள் சமாளிக்க இதுவே கைகொடுத்தது.

கடைசி எதிரொலி

மையச் சில்லை மட்டும் நடித்துக் காட்டினால் போதாது. படச் சில்லு, ஒலிச் சில்லு எல்லாவற்றையும் ஒரே நேரத்தில், ஒன்றுக்கொன்று முந்தாமல் பிந்தாமல் நடத்த வேண்டும். 2011ஆம் ஆண்டிலேயே, சூப்பர் நின்டெண்டோவைத் துல்லியமாக நடித்துக் காட்டும் 'பிஸ்னெஸ்' என்ற எமுலேட்டர் முழு வேகத்தில் ஓட, 3 கிகாஹெர்ட்ஸ் அளவிலான கணினிச் சில்லு தேவைப்பட்டது. சூப்பர் நின்டெண்டோவின் சொந்த மையச் சில்லோ 3.58 மெகாஹெர்ட்ஸ் மட்டுமே. கிட்டத்தட்ட 800 மடங்கு!

அவ்வளவு துல்லியம் எதற்கு? 'ஸ்பீடி கொன்சாலஸ்' என்ற விளையாட்டின் பிற்பகுதிக் கட்டம் ஒன்றில் ஒரு பொத்தானை மிதித்தாக வேண்டும். பழைய எமுலேட்டர்களில் மிதித்ததும் விளையாட்டு உறைந்துவிடும். காரணத்தைத் தேடியபோது வெளிவந்த உண்மை சுவையானது. நிரலில் இருந்த ஒரு பிழையால், எந்தச் சில்லும் பொருத்தப்படாத ஒரு நினைவக முகவரியை விளையாட்டு படிக்கிறது. வெற்று முகவரியைப் படித்தால் என்ன கிடைக்கும்? கம்பிகளில் கடைசியாக ஓடிய மதிப்பின் மிச்சம் கிடைக்கும். காலி மண்டபத்தில் கடைசியாகக் கேட்கும் எதிரொலி போல. உண்மையான கருவியில் அந்த எதிரொலி ஒரு கட்டத்தில் மாறும். விளையாட்டு தப்பித்துக்கொண்டு தொடரும். எமுலேட்டர்கள் எதிரொலியைச் சரியாக நடிக்காததால் அங்கேயே மாட்டிக்கொண்டன.

ஆக, ஒரு விளையாட்டு முழுமையாக வாழ வேண்டுமானால் அதன் கருவியின் எதிரொலிகூட எங்காவது எழுதி வைக்கப்பட்டிருக்க வேண்டும்.

பூட்டு எதற்கு, திறந்தது எப்படி?

'வீ'க்கு இந்த எமுலேட்டர்களை எழுதும் திறமை பலருக்கு இருந்தது. ஆனால் எழுதியதைக் கருவிக்குள் ஓட்ட வழி இல்லை. கேம் கருவிகள் நிறுவனத்தின் இலக்கமுறைக் கையொப்பம் உள்ள மென்பொருளை மட்டுமே ஓட்டும். இது நிறுவனத்தின் வருமானத்தைக் காக்கும் பூட்டு. திருட்டு நகல்களைத் தடுக்கும். கூடவே, நீங்களே எழுதிய சொந்த நிரலையும் தடுத்துவிடும்.

2007 டிசம்பரில் பெர்லினில் நடந்த கணினிப் பாதுகாப்பு மாநாட்டில், 'வீ'க்குள் தங்கள் சொந்த நிரல் ஓடுவதை ஒரு குழுவினர் காட்டினர். அவர்கள் பயன்படுத்திய கருவி என்ன தெரியுமா? ஒரு சாமணம். 'வீ' கேம்கியூபாக மாறும்போது நினைவகத்தின் ஒரு பகுதியை மட்டுமே பழைய விளையாட்டுக்குக் காட்டும். மீதியை மறைத்துவிடும், ஆனால் அழிக்காது. நினைவக முகவரிக் கம்பிகளைச் சாமண நுனியால் இணைத்தபோது, மறைந்திருந்த பகுதிகள் ஒவ்வொன்றாகத் தெரியத் தொடங்கின. அவற்றில் கருவியின் இரகசியச் சாவிகளும் இருந்தன. சாமணத்துக்கான ஆங்கிலச் சொல்லைத் திரித்தே அக்குழு தனக்குப் பெயரும் வைத்துக்கொண்டது: டீம் ட்விஸர்ஸ்.

பெட்டியைப் பிரித்துச் சாமணம் வைப்பது எல்லாராலும் ஆகிற காரியம் அல்ல. 2008 தொடக்கத்தில் எளிய வழி ஒன்று வந்தது. 'தி லெஜெண்ட் ஆஃப் செல்டா: ட்வைலைட் பிரின்சஸ்' என்ற விளையாட்டில் கதாநாயகனுக்கு ஒரு குதிரை உண்டு. அதற்கு ஆட்டக்காரர் பெயர் வைக்கலாம். அரசுப் படிவத்தில் பெயருக்கு இத்தனை கட்டம் என்று இருக்குமே, அதுபோல நினைவகத்திலும் அந்தப் பெயருக்கு அளவான இடம்தான் ஒதுக்கப்பட்டிருந்தது. விளையாடும்போது நீளமான பெயரை உள்ளிட முடியாது. ஆனால் எஸ்டி அட்டை வழியாகக் கொண்டுவந்த சேமிப்புக் கோப்பில் குதிரையின் பெயர் மிக நீளமாக இருந்தால்? விளையாட்டு அளந்து பார்க்கவில்லை. அப்படியே எழுதியது. பெயர் கட்டங்களைத் தாண்டி வழிந்து, 'அடுத்துச் செய்ய வேண்டியது என்ன' என்ற குறிப்பு இருந்த இடத்தையும் நிரப்பியது. அந்த இடத்தில் விழும்படி ஆர்வலர்கள் எழுதி வைத்தது, தங்கள் சொந்த நிரலின் முகவரி. அடுத்த கணம் கருவி அவர்கள் சொன்னதைக் கேட்டது.

இதைவிட வியப்பான ஓட்டை, கையொப்பத்தைச் சரிபார்க்கும் இடத்திலேயே இருந்தது. ஒவ்வொரு மென்பொருளுக்கும் கைரேகை போல 20 பைட் நீளமுள்ள ஓர் எண்தொடர் கணக்கிடப்படும். கையொப்பத்திலிருந்து கணக்கிட்டு எடுக்கும் கைரேகையும் மென்பொருளின் கைரேகையும் ஒன்றாக இருக்கிறதா என்று கருவி ஒப்பிடும். ஒப்பிடுவதற்கு, எண்களுக்கான கட்டளைக்குப் பதிலாக, சொற்களை ஒப்பிடும் கட்டளையை நிரலில் போட்டுவிட்டார்கள். கணினியில் ஒரு சொல் முடிந்ததைக் காட்டும் குறி, சுழியம். ஆகவே இரண்டு கைரேகைகளும் சுழியத்தில் தொடங்கினால், 'சொல் முடிந்தது, இரண்டும் ஒன்றே' என்று கருவி தலையாட்டிவிடும். மீதமுள்ள 19 பைட்டைப் பார்க்கவே பார்க்காது.

கையொப்பத்தை முழுக்கச் சுழியமாக வைத்தால் போதும். சுழியத்தைச் சுழியத்தால் எத்தனை முறை பெருக்கினாலும் சுழியம்தானே! அதிலிருந்து வரும் கைரேகையும் சுழியமாகிவிடும். அடுத்து, மென்பொருளின் கைரேகை சுழியத்தில் தொடங்க வேண்டும். ஒரு பைட்டுக்கு 256 மதிப்புகள் உண்டு. எனவே கோப்பில் பயன்படாத ஓர் எண்ணை மாற்றி மாற்றிப் பார்த்தால், சராசரியாக 256 முயற்சிக்கு ஒருமுறை சுழியம் விழும். கணினிக்கு இது கண்சிமிட்டும் நேர வேலை. உலகின் வலுவான மறையாக்கக் கணக்குகளில் ஒன்று காவல் காத்த கதவு, ஒரு கட்டளை மாறிப்போனதால் திறந்துகொண்டது. நின்டெண்டோ பின்னர் புதுப்பிப்புகளின் வழி இதைச் சரிசெய்தது.

திறந்த பிறகு

2008இல் வெளிவந்த 'ஹோம்புரூ சேனல்', ஆர்வலர்கள் எழுதிய மென்பொருளை 'வீ'யின் திரையிலிருந்தே தொடங்க வழி செய்தது. யாராவது காசுக்கு விற்றிருந்தால் நீங்கள் ஏமாற்றப்பட்டீர்கள் என்று எச்சரிக்கும் அறிவிப்பு அதன் தொடக்கத்திலேயே வரும். ஃபாமிகாம், சூப்பர் நின்டெண்டோ, கேம்பாய் என்று வரிசையாக எமுலேட்டர்கள் வந்தன.

இவற்றின் பயனைக் காட்ட ஓர் எடுத்துக்காட்டு போதும். 1984இல் வந்த 'டக் ஹன்ட்' விளையாட்டில் திரையில் பறக்கும் வாத்தைத் துப்பாக்கியால் சுட வேண்டும். துப்பாக்கியிலிருந்து எதுவும் வெளியே போவதில்லை. அதன் குழாய்க்குள் ஓர் ஒளி உணரிதான் இருக்கிறது. விசையை இழுத்ததும் திரை ஒரு கணம் கறுப்பாகும். அடுத்த கணம் வாத்து இருந்த இடத்தில் மட்டும் வெள்ளைச் சதுரம் தோன்றும். உணரி கறுப்பை அடுத்து வெள்ளையைக் கண்டால் குறி தப்பவில்லை என்று பொருள். பழைய குழாய்த் தொலைக்காட்சியில் படம் வந்த கணமே ஒளிரும். இன்றைய தட்டைத் திரை ஒவ்வொரு படத்தையும் பதப்படுத்திவிட்டுத்தான் காட்டுகிறது. வெள்ளைச் சதுரம் தாமதமாக வருகிறது. வாத்து எப்போதும் தப்பிவிடுகிறது!

ஆகவே அந்தக் காலத்துத் துப்பாக்கியும் கருவியும் பழுதில்லாமல் உங்களிடம் இருந்தாலும், தட்டைத் திரையில் அந்த விளையாட்டை ஆட முடியாது. 'வீ'யின் ரிமோட்டிலோ அகச்சிவப்புக் கேமரா ஒன்று உண்டு. தொலைக்காட்சி மேல் வைக்கும் பட்டையில் இருப்பவை வெறும் அகச்சிவப்பு விளக்குகள். அந்த விளக்குகளைப் பார்த்து, தான் எங்கே குறிவைக்கப்பட்டிருக்கிறோம் என்று ரிமோட் கணக்கிடுகிறது. 'வீ'க்கான ஃபாமிகாம் எமுலேட்டரில் அந்த ரிமோட்டே துப்பாக்கியாகிவிடும். திரையின் தாமதம் இப்போது குறியைக் கெடுப்பதில்லை.

2012இல் வந்த 'வீ யூ' கருவியின் கதை இன்னும் விந்தை. கேம்கியூப் விளையாட்டுகளை நேரடியாக ஓட்டும் ஆற்றல் அதன் சில்லுகளுக்கு இருந்தது. ஆனால் நிறுவனம் அந்த வசதியைக் கொடுக்கவில்லை. கேம்கியூப் வட்டுகளை அது ஏற்காது. 'நின்டெண்டான்ட்' என்ற ஹோம்புரூ மென்பொருள், சேமிப்பகத்தில் உள்ள நகலைக் கொண்டு அதே விளையாட்டுகளை அங்கே ஓட வைத்தது. கருவிக்குள் உறங்கிக்கொண்டிருந்த ஆற்றலை எழுப்பியது வெளியாட்களின் நிரல்.

காலம் அழித்துக்கொண்டிருக்கிறது

இவ்வளவு மெனக்கெடல் எதற்கு, பொழுதுபோக்குக்குத்தானே என்று தோன்றலாம்.

அமெரிக்காவின் வீடியோ கேம் வரலாற்று அறநிறுவனம் 2023இல் ஓர் ஆய்வை வெளியிட்டது. 2010க்கு முன் அமெரிக்காவில் வெளியான விளையாட்டுகளில் 87 விழுக்காட்டை இன்று கடையில் வாங்க வழியில்லை என்பது அதன் முடிவு. பழைய கருவியைத் தேடி வாங்க வேண்டும், அல்லது நூலகக் காப்பகத்துக்குப் போக வேண்டும், அல்லது திருட்டு நகலை நாட வேண்டும்.

பழைய கருவியையும் காலம் விட்டுவைப்பதில்லை. நாம் 'கேசட்' என்று அழைத்த கார்ட்ரிட்ஜுகள் சிலவற்றுக்குள் காசு போன்ற வட்ட மின்கலம் ஒன்று இருக்கும். விளையாட்டு இருப்பது நிரந்தர நினைவகச் சில்லில். அதற்கு மின்சாரம் வேண்டாம். ஆனால் நீங்கள் எதுவரை ஆடினீர்கள் என்ற சேமிப்பு, மின்சாரம் நின்றதும் மறந்துவிடும் சில்லில் இருக்கிறது. அதை உயிரோடு வைத்திருப்பது அந்த மின்கலம். கேம்பாயின் 'போக்கிமோன் கோல்ட்', 'சில்வர்' கார்ட்ரிட்ஜுகளில் ஒரு கடிகாரமும் அதே மின்கலத்தில் ஓடுவதால் அது இன்னும் சீக்கிரம் தீர்ந்துவிடும். தீர்ந்த நாளில், பள்ளி விடுமுறை முழுவதும் செலவழித்துச் சேர்த்த போக்கிமோன்கள் அனைத்தும் போய்விடும். அதைத் திரும்ப அச்சிட்டுத் தர எந்த நிறுவனத்தாலும் முடியாது.

'வீ'யின் இணையக் கடையில் காசு கொடுத்து வாங்கிய விளையாட்டுகளும் அப்படித்தான். அவை அந்த ஒரு பெட்டியின் 512 மெகாபைட் உள்நினைவகத்தோடு கட்டப்பட்டவை. பெட்டி பழுதானால், அவற்றை வேறொரு பெட்டியில் எளிதில் ஓட்ட முடியாது.

சட்டம் என்ன சொல்கிறது?

இங்கே மூன்று விஷயங்களைப் பிரித்துப் பார்க்க வேண்டும்.

எமுலேட்டர் எழுதுவது ஒன்று. கனெக்டிக்ஸ் என்ற நிறுவனம் பிளேஸ்டேஷனுக்கு எமுலேட்டர் எழுதியதை எதிர்த்து சோனி வழக்குத் தொடுத்தது. கருவி எப்படி இயங்குகிறது என்று அறிவதற்காக அதன் நிரலை ஆராய்ந்தது நியாயமான பயன்பாடே என்று அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் 2000ஆம் ஆண்டில் தீர்ப்பளித்தது.

விளையாட்டை நகலெடுப்பது வேறு. விளையாட்டுக்குப் பதிப்புரிமை உண்டு. கடையில் இப்போது கிடைக்காது என்பதால் அந்த உரிமை காலாவதியாகிவிடாது. 'ஆயிரக்கணக்கான விளையாட்டுகள் உள்ளே' என்று இணையச் சந்தைகளில் மலிவாக விற்கும் கையடக்கக் கருவிகளைப் பார்த்திருப்பீர்கள். உள்ளே இருப்பவற்றுக்கு உரிமையாளரிடம் அனுமதி பெற்றார்களா என்று கேட்டுப் பாருங்கள், பதில் கிடைப்பது அரிது.

பூட்டைத் திறப்பது மூன்றாவது. மலேசியாவின் 1987ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்திலும் சிங்கப்பூரின் 2021ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்திலும் தொழில்நுட்பப் பூட்டுகளைத் தகர்ப்பதற்கு எதிரான விதிகள் இருக்கின்றன. அவற்றில் சில விலக்குகளும் உண்டு. நம் சொந்தப் பொருள்தானே என்ற ஒரே எண்ணத்தில் இறங்கிவிட முடியாது.

நிறுவனங்களின் பக்கத்திலும் நியாயம் இருக்கிறது. சுவிட்ச் கருவி இன்னும் விற்பனையில் இருந்தபோதே அதற்கான 'யூசு' எமுலேட்டர் பரவியது. நின்டெண்டோ வழக்குத் தொடுக்க, 2024 மார்ச்சில் அதை உருவாக்கியவர்கள் 2.4 மில்லியன் அமெரிக்க டாலர் தர இணங்கி, திட்டத்தையும் மூடினர். நேற்று வெளியான விளையாட்டை இன்றே இலவசமாக ஆடுவதும், முப்பது ஆண்டுகளுக்கு முன் கைவிடப்பட்ட ஒன்றைக் காப்பாற்றுவதும் ஒன்றல்ல. ஆனால் பூட்டு இரண்டையும் ஒன்றாகத்தான் பார்க்கிறது. அமெரிக்காவில் நூலகங்கள் பழைய விளையாட்டுகளை ஆய்வாளர்களுக்குத் தொலைவிலிருந்து காட்ட அனுமதி கேட்டபோதும், 2024இல் அது மறுக்கப்பட்டது.

நீங்கள் செய்யக்கூடியவை

அலமாரிக்குத் திரும்புவோம். 'வீ' ரிமோட்டில் பழைய மின்கலங்கள் இருந்தால் முதலில் கழற்றிவிடுங்கள். அவை கசிந்து உலோகத் தகடுகளை அரித்துவிடும். வட்டுகளை வெயிலும் ஈரமும் படாத இடத்தில், உறைக்குள் நிற்க வைத்துப் பாதுகாத்திடுங்கள். கார்ட்ரிட்ஜில் உள்ள மின்கலத்தை அவசரப்பட்டு மாற்றாதீர்கள். அதை எடுத்த கணமே சேமிப்பு அழிந்துவிடும். சேமிப்பைக் கணினியில் படியெடுக்கும் கருவி உண்டு. விவரம் தெரிந்தவரிடம் கொடுத்து முதலில் அதைச் செய்துவிட்டுப் பிறகு மாற்றச் சொல்லுங்கள்.

ஹோம்புரூவில் இறங்குபவர்கள் இன்னோர் ஆபத்தையும் அறிந்திருக்க வேண்டும். உள்நினைவகத்தில் தவறான கோப்பை எழுதிவிட்டால் கருவி மறுபடி எழுந்திருக்காது. பிள்ளைகள் காணொளி பார்த்து முயன்றால், அந்தப் பெட்டியில் உள்ள சேமிப்புகளும் அதோடு போகலாம் என்பதை முன்கூட்டியே சொல்லி வையுங்கள்.

பாட்டியின் குறிப்புச் சீட்டைக் கண்ணாடிச் சட்டம் போட்டு மாட்டி வைக்கலாம். ஆனால் ஆட்டுக்கல் எப்படிச் சுற்றும், ஒரு சுற்றுக்கு எவ்வளவு நேரம் ஆகும், மாவு எவ்வளவு இறங்கும் என்று யாராவது எழுதி வைக்காவிட்டால், ஐம்பது ஆண்டு கழித்து அந்தச் சீட்டை வைத்துக்கொண்டு யாராலும் தோசை சுட முடியாது. எமுலேட்டர் எழுதுபவர்கள் ஆட்டுக்கல்லைப் பற்றித்தான் எழுதிக்கொண்டிருக்கிறார்கள். ஆட்டுக்கல் இன்னும் ஓடும் நிலையில் இருக்கும்போதே அதை எழுதி முடிக்க வேண்டும்.

உங்கள் அலமாரியில் இருப்பதும் அப்படி ஓர் ஆட்டுக்கல்தான். லாரி வருவதற்கு முன் ஒருமுறை மின்சாரம் கொடுத்துப் பாருங்கள்.